சாக்பீஸ் வட்டம்

"துரு இரும்பைத் தின்னுதுன்னு சொல்றியே அம்மா, அதுக்கு வயிறு எங்க இருக்கு?"

மகள் இதைக் கேட்டபோது அவளுக்கு ஐந்து வயது. கவிழ்த்து வைத்த எண்ணெய்ப் பீப்பாய் ஒன்றின் மேல் உட்கார்ந்து காலாட்டிக்கொண்டிருந்தாள். அம்மா, "அதுக்கு வயிறே கிடையாதுடி, வாய் மட்டும்தான்" என்று சொல்லிச் சமாளித்தாள். மகள் இப்போது வேறு ஊரில் கல்லூரியில் படிக்கிறாள். கேட்டதை அவள் மறந்தே போயிருப்பாள். அம்மா மறக்கவில்லை. வயிறில்லாமல் வாய் மட்டும் உள்ள ஒன்று அம்மாவுக்குள்ளேயே ஒரு வாரம் குடியிருந்த கதை இது.

தெருவில் அம்மாவுக்குத் தகரக்கா என்று பெயர். ஆலைகள் கழித்துப் போட்ட ரப்பர் பெல்ட், வில்லை வில்லையாகத் துளை விழுந்த தகடு, பல்லுடைந்த சக்கரம், இவற்றை எடைக்கு வாங்கி வந்து கலைப்பொருளாக்குவது அவள் தொழில். வீட்டுக்குப் பின்னால் நீளமான கொட்டகை ஒன்று. அதுதான் பட்டறை. அதன் பெரிய கதவு பின்தெருவைப் பார்த்திருக்கும். கணவர் லாரியோடு மாதத்தில் இருபது நாள் வெளியூரில் இருப்பார். வீட்டில் அவளும் மாமனாரும்தான்.

மூன்று வருடங்களுக்கு முன் ஒரு தொழிற்சாலையின் தண்ணீர்த் தொட்டியை உடைத்தபோது பதினொரு இரும்புத் தகடுகளை அவள் வாங்கினாள். ஆளுயரத் தகடுகள். அவற்றை வெட்டவெளியில் சாய்த்து வைத்து மூன்று மழைக்காலத்தைக் காட்டினாள். செங்கல் நிறம், காய்ந்த இலை நிறம், எங்கோ ஓரிடத்தில் பூனைக்கண் மஞ்சள் என்று துரு தன் போக்கில் பூத்தது. இந்த நிறங்களை எந்தக் கடையிலும் வாங்க முடியாது. பன்னிரண்டு நாளில் கண்காட்சி. மூடிப்போன ஒரு நூற்பாலையின் கூடத்தில் அந்தப் பதினொரு தகடுகளும் ஒரே சுவராக நிற்க வேண்டும். இருபது வருடமாகப் பள்ளிப் பிள்ளைகளுக்கு ஓவியம் சொல்லிக்கொடுத்துக்கொண்டே பொருள் சேர்த்தவளுக்கு இப்படி ஒரு கூடம் கிடைப்பது இதுவே முதல் தடவை.

தகடுகளைச் சட்டத்தில் பற்றவைத்தவன் ஒரு வெல்டர். முப்பத்தைந்து வயது. வேலை இருந்தாலும் இல்லாவிட்டாலும் கண்காப்பு முகமூடியைத் தலைமேல் தூக்கி வைத்துக்கொண்டே திரிவதால் தெரு முழுக்க அவனை முகமூடி என்றே கூப்பிடும். அவள் மட்டும் தம்பி என்பாள்.

வெள்ளிக்கிழமை அவள் தகடுகளைச் சுற்றிச் சுற்றி வந்து, அழகாகத் துருவேறிய பதினேழு இடங்களில் சாக்பீஸால் வட்டம் போட்டாள். மற்ற இடங்களை இரும்புப் பிரஷ்ஷால் தேய்த்து மெழுகு பூச வேண்டும். வட்டத்துக்குள் இருப்பது மழை விட்டுச்சென்ற மாதிரியே நிற்க வேண்டும்.

"வட்டத்துக்குள்ள கை படக் கூடாது தம்பி."

"ஏன்க்கா, உள்ள யாராச்சும் தூங்கறாங்களா?"

"ஆமா. எழுப்பினே, கொன்னுடுவேன்."

அவன் சிரித்தான். பிறகு தகட்டை ஒரு பார்வை பார்த்துவிட்டு, "இருந்தாலும் ஒரு தேய் தேச்சா கண்ணாடி மாதிரி ஆயிடும்க்கா" என்றான். அன்று அது வெறும் பேச்சு.

திங்கட்கிழமை மாலை பள்ளியிலிருந்து வந்தவள் மூன்றாவது தகட்டின் முன் நின்றுவிட்டாள். ஒரு வட்டத்துக்குள் துரு இல்லை. உள்ளங்கை அளவுக்கு இரும்பு பளபளவென்று வெளுத்திருந்தது. வட்டக் கோடுகூடத் துடைக்கப்பட்டிருந்தது.

அவள் அன்று ஒன்றும் பேசவில்லை. பேசாமல் இருந்ததுதான் முதல் பிழை. ஒரு கேள்வியை வாய்விட்டுக் கேட்டுவிட்டால் அது கேள்வியாகவே இருக்கும். உள்ளே போட்டு மூடினால் புளித்துவிடும்.

செவ்வாயன்று இன்னொரு வட்டம் போயிருந்தது. இந்த முறை பூனைக்கண் மஞ்சள்.

அவள் கணக்குப் போட்டாள். இரண்டிலிருந்து நாலு மணிவரை அவள் பள்ளியில் இருப்பாள். தம்பி ஒரு மணிக்குச் சாப்பிடப் போய் நாலுக்குத்தான் வருவான். ஆனால் இரண்டு நாளும் அவள் வரும்போது அவன் முந்தியே வந்து கதவைத் திறந்து வைத்திருந்தான். பெரிய கதவின் சாவி இருப்பது இரண்டு பேரிடம். தேய்க்கும் மிஷின் இருப்பது ஒருவனிடம். போன மாதம் அவன் வேறொரு சிற்பியின் பட்டறைக்கும் வேலைக்குப் போனான். அந்தச் சிற்பியும் இதே கூடத்துக்கு விண்ணப்பம் போட்டுக் கிடைக்காதவர். ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்தால் ஒன்றுமில்லாத விஷயங்கள். வரிசையில் நிறுத்தியபோது அவை ஒன்றின் தோளில் ஒன்று கை போட்டுக்கொண்டன.

அன்று ராத்திரி சாப்பாட்டின்போது மாமனார் தட்டிலிருந்து தலையெடுக்காமலே கேட்டார்.

"குறையெல்லாம் குறையுதாம்மா?"

பாய்லர் செய்யும் தொழிற்சாலையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். நாளுக்குப் பத்து வார்த்தை பேசினால் அதிகம். அவளுடைய இரும்பைப் பற்றி இதுவரை நல்லதாகவோ கெட்டதாகவோ ஒரு சொல் சொன்னதில்லை. இப்போது குத்திக்காட்டுகிறார் என்று அவள் நினைத்தாள்.

"என் குறை எங்க மாமா குறையப் போகுது" என்று சொல்லிவிட்டு எழுந்துபோனாள். அவர் ஏதோ சொல்ல வாயெடுத்து, மென்று விழுங்கிவிட்டார்.

புதன்கிழமை பள்ளிக்குக் கிளம்பும்முன் பெரிய கதவின் வாசற்படியில் முகப்பவுடரை மெல்லத் தூவினாள். திரும்பி வந்தபோது தம்பி பீடி பிடித்தபடி வெளியே சுவரோரம் நின்றிருந்தான். பவுடர் கலையவில்லை. ஒரு தடமும் இல்லை. உள்ளே மூன்றாவது வட்டம் காணாமல் போயிருந்தது.

கலையாத பவுடரைப் பார்த்த மனம் அவனை விடுவித்திருக்க வேண்டும். மாறாக, 'தாண்டிப் போகத் தெரிந்தவன்' என்றது. சந்தேகத்துக்குச் சாட்சி கிடைத்தாலும் லாபம், கிடைக்காவிட்டாலும் லாபம்.

"தம்பி, இதைத் தேச்சது யாரு?"

அவன் தகட்டருகே குனிந்தான். விரலால் தடவினான். வெளிச்சத்தில் சாய்ந்து பார்த்தான்.

"இது மிஷின் வேலை இல்லக்கா. மிஷின்னா வளைவா கோடு விழும். இது நேர்க்கோடு. யாரோ அரம் போட்டுத் தேச்சு, மேல உப்புத்தாள் பிடிச்சிருக்காங்க. கையால. நல்ல கை."

"உன் பையைத் திற."

அவன் நிமிர்ந்தான். பிறகு தோள்பையைக் கழற்றிப் பெஞ்சின் மேல் கவிழ்த்தான். கையுறை, சாப்பாட்டு டப்பா, பற்றவைக்கும் குச்சிகள், மனைவிக்கு வாங்கிய மூச்சிரைப்பு மருந்து. அரம் இல்லை.

"போதுமாக்கா? செருப்பையும் கழட்டணுமா?"

"சாவியைக் குடுத்துட்டுப் போ. வேலை இருந்தா நானே கூப்பிடறேன்."

அவன் சாவியைப் பெஞ்சின் மேல் சத்தமில்லாமல் வைத்தான். கொட்டியதையெல்லாம் ஒவ்வொன்றாகப் பைக்குள் எடுத்து வைத்தான். மருந்தை மட்டும் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு போனான். வீட்டுப் பக்க ஜன்னலில் மாமனாரின் தலை தெரிந்து மறைந்தது.

வியாழக்கிழமை இரண்டு சாவியும் அவள் கைப்பையில் இருந்தன. ஆனாலும் நாலாவது வட்டம் போயிற்று.

அப்போதாவது உட்கார்ந்து யோசித்திருக்கலாம். அவள் பூட்டுக்கடைக்குப் போய் அந்தச் சாவிக்கு நகல் எடுக்க எவ்வளவு நேரமாகும் என்று விசாரித்தாள். "அஞ்சு நிமிஷம்" என்றான் கடைக்காரன். சரிதான் என்று தலையாட்டிக்கொண்டாள்.

வரும் வழியில் கேட்காரர் பிடித்துக்கொண்டார். இரும்புக் கேட் செய்து விற்கிறவர் என்பதால் கேட்காரர். யாரும் சொல்லாததையும் கேட்டுக்கொள்வார் என்பதால் அந்தப் பெயர் இரட்டைப் பொருத்தம்.

"என்ன தகரக்கா, முகமூடி உங்க பக்கம் காணோமே? திங்கக்கிழமை என்கிட்ட வர்றான். ஆஸ்பத்திரி வேலி, நாலு மாச வேலை. ஆள் எப்படி?"

நாலு மாத வேலை அவனுக்கு எதற்கு என்று அவளுக்குத் தெரியும். ஒரே அறை வீடு, ஜன்னல் கிடையாது. மனைவிக்கு ராத்திரியில் மூச்சு முட்டும். இந்த வேலையை நம்பித்தான் அடுத்த தெருவில் இரண்டு ஜன்னல் உள்ள வீட்டுக்கு வாக்குக் கொடுத்திருந்தான். அவளிடம்தான் முதலில் வந்து சொன்னான்.

அவள் குரலைத் தாழ்த்தினாள். "வேலை நல்லாத்தான் செய்வான். சாவி குடுக்கற இடத்துல மட்டும் வெச்சுக்காதீங்க."

அவ்வளவுதான் சொன்னாள். கேட்காரர் புருவத்தை உயர்த்தி, "ஓ" என்றார். முகமூடி என்ற பெயர் அதற்குள்ளேயே வேறொரு அர்த்தம் எடுத்துவிட்டதை அவள் அவர் முகத்தில் பார்த்தாள். பார்த்தும் நடந்தாள்.

வெள்ளிக்கிழமை காலை பிரார்த்தனைக்கு உட்கார்ந்தவளுக்கு வார்த்தை வரவில்லை. எழுந்துவிட்டாள். பள்ளிக்கு விடுப்பு சொல்லிவிட்டு, மதியம் போவதுபோல் முன்வாசல் வழியாகப் போய், பின்தெருவைச் சுற்றி வந்து, பெரிய கதவைத் திறந்து உள்ளே நுழைந்து மறுபடி பூட்டினாள். உத்தரத்திலிருந்து திரைபோல் தொங்கிய ரப்பர் பெல்ட்டுகளுக்குப் பின்னால் ஒரு பீப்பாயில் உட்கார்ந்தாள். கையில் ஒரு இரும்புக் குழாய்.

இரண்டரை மணிக்குத் தாழ்ப்பாள் நகரும் சத்தம் கேட்டது. பெரிய கதவில் இல்லை. சமையலறைப் பக்கமிருந்து வரும் சின்னக் கதவில். திருடன் தெருப்பக்கமிருந்துதான் வருவான் என்று நினைத்திருந்தவள் அந்தக் கதவைக் கணக்கிலேயே சேர்க்கவில்லை.

மாமனார் வந்தார். கண்ணாடி விழாமலிருக்கக் காதோடு கயிறு கட்டியிருந்தார். கையில் அரமும் மடித்த உப்புத்தாளும். ஸ்டூலை இழுத்துப் போட்டு ஏழாவது தகட்டின் வட்டமொன்றின் முன் உட்கார்ந்தார். ஒரு கையைத் தகட்டில் ஊன்றி, நோயாளியின் நெற்றியைத் தொடுவதுபோல் தொட்டுப் பார்த்தார்.

"பாவம் பொண்ணு" என்றார் தகட்டிடம். "பதினேழு குறை. தனியா என்ன பண்ணுவா."

அரம் உராயத் தொடங்கியது. அவள் குழாயைக் கீழே வைத்தாள். எழுந்தாள்.

"மாமா."

அவர் துள்ளி எழுந்ததில் ஸ்டூல் சாய்ந்தது. "நீ ஸ்கூலுக்குப் போகல? கண்ணு, பயந்தே போனேன்."

"என்ன பண்றீங்க மாமா?"

பிடிபட்ட பையன்போல் அரத்தை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டார். "உனக்குத் தெரியாம முடிச்சு வெக்கலாம்னு பாத்தேன். நாலு நாளா நீ தூங்கல. வட்டம் போட்டு வெச்சிருக்க, தேய்க்க உனக்கு நேரமில்ல. அந்தப் பையனும் பாக்கல. ஒரு நாளைக்கு ஒண்ணுதான் முடியுது, கை நடுங்குது."

"வட்டம் போட்டா என்ன மாமா அர்த்தம்?"

"நல்லாக் கேட்டே போ. முப்பத்தொரு வருஷம் பாய்லர் ஷாப்புல வட்டம் போட்டவன் நான். பத்தவெச்ச தையல்ல ஓட்டை, கீறல், துரு, எது இருந்தாலும் சாக்பீஸால ஒரு வட்டம். வட்டம்னா குறை. தேச்சுச் சரி பண்ணிட்டு வட்டத்தை அழிச்சுடணும். அழிக்காம விட்டா அடுத்த ஷிப்ட்டுக்காரன் திட்டுவான்."

அவளுக்குச் சிரிப்பும் அழுகையும் ஒரே வழியில் வந்து முட்டிக்கொண்டன. மூன்று மழைக்காலம். நாலரை வட்டம். தூக்கம் கெட்ட மருமகளுக்காக நடுங்கும் கையால் ஒரு கிழவர் செய்த ரகசிய உபகாரம். 'குறையெல்லாம் குறையுதாம்மா' என்று அவர் கேட்டது சந்தோஷச் செய்தியை முன்கூட்டிச் சொல்லிவிடாமல் இருக்கப் பட்ட பாடு.

அவள் முகத்தைப் பார்த்த அவர் மெதுவாகக் கேட்டார். "தப்பாப் பண்ணிட்டேனா?"

பொய் சொல்ல அவளுக்கு மனமில்லை. உண்மையை அவர் தலையில் போடவும் மனமில்லை. இரண்டுக்கும் நடுவில் இருக்கும் ஒற்றையடிப் பாதையைக் கடவுள் சில நேரம் காட்டுவார்.

"எங்க தொழில்ல வட்டம் போட்டா, அது அப்படியே இருக்கட்டும்னு அர்த்தம் மாமா. உங்ககிட்ட நான் அதைச் சொல்லவே இல்லையே. பன்னெண்டு இருக்கு, போதும். நீங்க தேச்ச நாலும் இருக்கட்டும். அது உங்க கைவேலை."

அவர் சாய்ந்த ஸ்டூலை நிமிர்த்தி உட்கார்ந்தார். பாதி தேய்ந்த வட்டத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு நிமிர்ந்தார்.

"அப்போ அந்தப் பையனோட பையை நீ கொட்டச் சொன்னது... செம்புக் கம்பி ஏதோ காணாமப் போச்சுன்னு நெனச்சேன். இதுக்கா?"

"இதுக்குத்தான்."

"நான் போய்ச் சொல்றேன்."

"வேண்டாம் மாமா. நீங்க தேச்சது இரும்பை. நான் தேச்சது அவன் பேரை."

சனிக்கிழமை காலை கேட்காரர் கடையில் நாலு பேர் வேலையாக இருந்தார்கள். அவள் எல்லோருக்கும் கேட்கும்படியே பேசினாள்.

"வெல்டர் தம்பியைப் பத்தி அன்னைக்கு நான் சொன்னது தப்பு. அவன் ஒரு குண்டூசியைக்கூட எடுக்கல, என் தகட்டைத் தேச்சதும் அவன் இல்ல. அவன்கிட்ட என் வீட்டுச் சாவியையே குடுக்கலாம்."

சுத்தியல்கள் நின்றன. கேட்காரர் சிரித்தார். "அன்னைக்குக் காதோட சொன்னீங்க. இன்னைக்கு ஊருக்கே தண்டோரா போடறீங்க?"

"மெதுவாச் சொன்னது வேகமாப் பரவிடுச்சு. அதான் சத்தமாச் சொல்றேன்."

"அப்போ தேச்சது யாரு?"

"நான் போட்ட வட்டத்தை ஒருத்தர் வேற மாதிரிப் படிச்சுட்டார். அவர் மேல தப்பில்ல. வேலையை அவனுக்கே குடுங்க."

அவர் கழுத்தைச் சொறிந்தார். "வேற ஒருத்தன்கிட்டச் சொல்லிட்டேனே தகரக்கா. அவன் அரைகுறைதான், ஒத்துக்கறேன். ஆனா திங்கக்கிழமை பத்து மணிக்கு ஆஸ்பத்திரிக்காரங்க வந்து முதல் சட்டத்தைப் பாக்கணும்னு நிக்கறாங்க. அங்க பாருங்க குழாயை." முற்றத்தில் தார்ப்பாய்க்கு அடியில் குழாய்கள் அடுக்கியிருந்தன. "மழையில நனைஞ்சு முனையெல்லாம் துரு. அதைத் தேச்சு எடுக்காம பத்தவெச்சா பிடிக்காது. அரைகுறைன்னா அப்படியே மேலோட ஒட்டிக் காட்டிடுவான். உங்க ஆளு சுத்தம் பாக்கறவன், தேய்க்கவே மதியமாயிடும். பத்துக்குள்ள சட்டம் நின்னா வேலை அவனுக்கு. இல்லைன்னா என்னைக் குத்தம் சொல்லாதீங்க."

அங்கிருந்து நேரே அவன் வீட்டுக்குப் போனாள். அவன் வாசலில் நின்றே பேசினான். உள்ளே கூப்பிடவில்லை. கேட்காரரின் பத்து மணிக் கெடுவரை எல்லாவற்றையும் ஒளிக்காமல் சொன்னாள். அவன் தரையைப் பார்த்துக்கொண்டு கேட்டான்.

"அரம் போட்டதுன்னு அன்னைக்கே சொன்னேனேக்கா."

"சொன்னே. காதுல விழுந்துச்சு, உள்ள போகல. தப்பு பண்ணிட்டேன் தம்பி."

அவன் மனைவி உள்ளிருந்து ஒரு நாற்காலியைத் தூக்கிவந்து, மூச்சு வாங்கியபடி, அவளருகே வைத்துவிட்டுப் போனாள். அந்த நாற்காலியில் உட்காரத் தனக்குத் தகுதியில்லை என்று அவளுக்குத் தோன்றியது. உட்காராமல் போனால் அது இன்னும் பெரிய அவமதிப்பு. உட்கார்ந்தாள்.

"திங்கக்கிழமை போய்ப் பாக்கறேன்" என்றான் அவன் கடைசியில். "ஆனா பத்து மணிக்குள்ள முடியாதுக்கா. நாளைக்கு லீவு, தெருவுல கரண்ட்டை நிறுத்திடுவாங்க, மிஷின் ஓடாது. போனாப் போகுது. உங்க பட்டறைக்கு வர்றதை யோசிச்சுச் சொல்றேன்."

"யோசி. அவசரமில்ல."

ஞாயிறு மதியம் பட்டறைத் தெருவில் ஆள் நடமாட்டமே இல்லை. கடைகளின் ஷட்டர்கள் எல்லாம் இறங்கியிருந்தன. மாமனார் உண்ட களைப்பில் கண்ணயர்ந்திருந்தார். அவள் அவருடைய பெட்டியிலிருந்து அரத்தையும் உப்புத்தாளையும் எடுத்துக்கொண்டு, கூடவே ஒரு இரும்புப் பிரஷ்ஷோடு கேட்காரர் முற்றத்துக்குப் போனாள். அங்கே சுவர் கிடையாது, ஒரு சங்கிலிதான். குனிந்து உள்ளே போனாள்.

தார்ப்பாயின் கயிறு எப்படி முடிச்சிட்டிருக்கிறது என்று முதலில் பார்த்து வைத்துக்கொண்டாள். பிறகு அவிழ்த்தாள். நாற்பத்திரண்டு குழாய்கள். முனைக்கு இரண்டு விரற்கடை வெளுத்தால் போதும். முதல் ஐந்தாறு முனைகளுக்குக் கை ஒத்துழைக்கவில்லை. அப்புறம் மாமா செய்ததுபோல் ஒரு கையை ஊன்றி, தோளிலிருந்து தள்ளக் கற்றுக்கொண்டாள். பழுப்புத் தூள் முழங்கைவரை ஏறியது. வியர்வையில் குழைந்து கழுத்தில் இறங்கியது. விரற்கணுக்கள் இரண்டு இடத்தில் தோலுரிந்தன.

இருபதாவது குழாயோ இருபத்தொன்றாவதோ, அதன் முனையைத் திருப்பியபோது அரம் நின்றது. பச்சையும் மஞ்சளும் கலந்து, நடுவில் ஒரு துளி நீலக்கருப்பு. இப்படி ஒரு நிறம் அவளுடைய பதினொரு தகடுகளில் எங்கும் விழவில்லை. தட்டி எழுப்பிய பிள்ளையைப் போல் அது அவளைப் பார்த்தது. அவளும் பார்த்தாள். பிறகு அரத்தை வைத்து, வெள்ளை இரும்பு தெரியும்வரை தேய்த்தாள்.

வெயில் எதிர்ச்சுவரில் ஏறியபோது எண்பத்து நாலு முனைகளும் முடிந்திருந்தன. கீழே விழுந்த தூளைக் கையால் வழித்துத் தன் பையில் போட்டுக்கொண்டாள். குழாய்களை இருந்தபடியே அடுக்கி, இரவில் பனி படாமல் முனைகளைத் தார்ப்பாயால் நன்றாகப் போர்த்தி, பழைய முடிச்சையே போட்டாள்.